ஒரு சொல்லும் ஒரு முன்தீர்ப்பும்



நீதிமன்றச் செய்திகளைத் தமிழில் தருவோர் ‘முன்னுதாரணம்’ என்னும் சொல்லைப் பெரிதும் ஆளுகின்றனர். உதாரணம் என்பது விரும்பினால் பின்பற்றத்தக்கது, விரும்பாவிடின் விடத்தக்கது. மேல் நீதிமன்றத்தின் தீர்ப்போ கீழ் நீதிமன்றத்துக்கு அத்தகையதன்று. அது கட்டுப்படுத்துவது. ஆதலின் அதனைக் ‘கட்டுறு முன்தீர்ப்பு’ என வழங்குதல் பொருந்தும் என்பது என் கருத்து. இவ்வேறுபாட்டின் இன்றியமையாமையை மலேசிய வழக்குகள் சிலவற்றால் விளக்க விழைகிறேன்.

மலேசியக் கூட்டரசு அரசியலமைப்பின் 12(4) ஆம் பிரிவு, 18 வயதுக்குட்பட்டவரின் சமயத்தை அவருடைய ‘பேரண்ட்’ அல்லது காப்பாளர் முடிவு செய்வார் என்கிறது. ஆங்கிலத்தில் அச்சொல் ஒருமை. எனின், தாய் தந்தையருள் ஒருவரின் இசைவு போதுமா, இருவரும் இசைதல் வேண்டுமா? தமிழில் ‘பெற்றோர்’ என்று எழுதின், பலர்பால் ஈறே ஒரு விடையை முன்கூட்டிச் சொல்லிவிடும். ‘தாய் அல்லது தந்தை’ என்று எழுதின், அதற்கு மறுதலையான விடை வந்துவிடும். மொழிபெயர்ப்பாளர் தம்மை அறியாமலே நீதிபதியாகிவிடும் இடம் இது.

2007 இல் சுபாஷினி வழக்கில் கூட்டரசு நீதிமன்றப் பெரும்பான்மையினர், ஒருவரின் இசைவே போதும் என்னும் கருத்தைத் தெரிவித்தனர். 2018 சனவரி 29 அன்று இந்திரா காந்தி வழக்கில் அதே நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகளும் ஒருமனதாக, பெற்றோர் இருவரும் உயிருடன் இருப்பின் இருவர் இசைவும் தேவை எனத் தீர்ப்பளித்தனர். அவ்வாறாயின் முந்தைய கூற்று என்னாயிற்று? சுபாஷினி வழக்கில் மனு உரிய காலத்துக்கு முன்பே தாக்கல் செய்யப்பட்டது எனக் கண்ட பின், இசைவு பற்றிய கூற்று அம்முடிவுக்குத் தேவைப்படவில்லை. அது வெறும் இடைக்கூற்று, எனவே கட்டாது. ஒரு தீர்ப்பின் எல்லாச் சொற்களும் கட்டுவன அல்ல. முடிவுக்கு அடிப்படையான காரணமே கட்டும்.

இனி, கட்டுதலின் வன்மையைக் காண்போம். பெர்லிஸ் மாநிலத்தில் தம் பிள்ளைகள் தம் இசைவின்றி மதமாற்றம் செய்யப்பட்டதை எதிர்த்து லோ சியூ ஹோங் தொடுத்த வழக்கை 2023 இல் உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. 2024 சனவரி 10 அன்று மேல்முறையீட்டு நீதிமன்றம் அம்முடிவை மாற்றியது. இந்திரா காந்தி தீர்ப்பு உயர் நீதிமன்றத்தைக் கட்டும் என்பதே அதன் அடிப்படை. கூட்டரசு நீதிமன்றம் தீர்த்துவைத்த வினாவை அதற்குக் கீழுள்ள மன்றம் மீண்டும் திறத்தல் இயலாது. வழக்கின் நிகழ்வுகள் வேறானவை என்று காட்டலாம். கருத்து வேறுபாட்டைப் பதிவும் செய்யலாம். ஆனால் நிகழ்வுகள் ஒத்திருப்பின் பின்பற்றியே ஆகவேண்டும்.

நம் உரைமரபு இதனின் வேறானது. இளம்பூரணர் கொண்ட பொருளை நச்சினார்க்கினியர் பல இடங்களில் மறுத்தார். அதற்கு அவர் எவரிடமும் இசைவு பெற வேண்டியதில்லை. புலமைக்கு அவ்வுரிமை அழகு. நீதிமன்றத்திலோ ஒரே வினாவுடன் வரும் இரு தாய்மார், வெவ்வேறு நீதிபதிகள் முன் நின்றதால் வெவ்வேறு விடை பெறுதல் முறையன்று. கட்டுறுதி காப்பது அந்தச் சமநிலையையே.

‘நீதிபதி முன்னுதாரணத்தைக் கருத்திற்கொண்டார்’ என்று நாம் எழுதினால், அவர் தம் விருப்பப்படி ஒன்றைத் தேர்ந்தார் என வாசகர் எண்ணுவர். ‘கட்டுறு முன்தீர்ப்பைப் பின்பற்றினார்’ என எழுதினால், மேல்முறையீட்டில் தம் வழக்கு எதனைப் பற்றி நிற்கிறது என்பதைத் தமிழ் மட்டுமே அறிந்த தாயும் உணர்வார். அவருக்குரிய சொல்லைச் செம்மையாகத் தருவது நம் கடமை.