கொலைகாரனுக்குக் கதாநாயகன் வேஷமா?

(பெருங்குடியில் இளைஞர்கள், வியாபாரிகள் மத்தியில் ஆற்றிய உரை)



நம் பெருங்குடிக்குப் பக்கத்தில்தான் திருவான்மியூர். 1980களின் கடைசியில் அங்கே சாராயமும் விபச்சாரமும் நடத்திய கௌரிசங்கரைத்தான் நாடே 'ஆட்டோ சங்கர்' என்கிறது. ஆறு பேரைக் கொன்ற வழக்கு. உடல்களை எரித்தும் புதைத்தும் மறைத்தார்கள். 1991-ல் செங்கல்பட்டு செஷன்ஸ் நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது. 1995 ஏப்ரல் 27-ல் சேலம் மத்தியச் சிறையில் தூக்கிலிடப்பட்டான்.

அத்தோடு முடிந்ததா? 2019-ல் ஜீ5-ல் அவன் பெயரிலேயே தொடர் வந்தது. யூடியூபில் திகில் இசை போட்டு அவன் கதையைச் சொல்கிறார்கள். நம் பிள்ளைகள் கல்லாவில் உட்கார்ந்தபடியே பார்த்துவிட்டு, 'என்னா கெத்து' என்கிறார்கள். தம்பி, செத்த ஆறு பேரில் ஒருவரைப் பற்றியாவது உனக்குத் தெரியுமா? நானும் அவர்கள் பெயரை இங்கே சொல்லப்போவதில்லை. அவர்களின் உறவினர்கள் இன்றும் நம்மிடையே இருக்கலாம்.

உழைத்துச் சாப்பிடும் ஆட்டோ ஓட்டுநர்களை நினைத்துப் பாருங்கள். அவர்கள் தொழிலின் பெயரை ஒரு கொலைகாரனின் பட்டமாக்கிவிட்டோமே!

உடனே தடை செய் என்று கிளம்பாதீர்கள். நான் அதைக் கேட்கவில்லை. சிறையில் அவன் எழுதியதாகச் சொல்லப்பட்ட சுயசரிதையை வெளியிட நக்கீரன் முன்வந்தபோது, சிறைத்துறை தடுக்கப் பார்த்தது. ஏன்? ஐ.ஏ.எஸ்., ஐ.பி.எஸ். அதிகாரிகளோடு அவனுக்கு இருந்த நெருக்கம் அதில் இருப்பதாகப் பேச்சு. அது பொய்யான எழுத்து என்றது சிறைத்துறை. வழக்கு உச்ச நீதிமன்றம் போனது. 1994 அக்டோபரில் தீர்ப்பு வந்தது: அரசோ அதிகாரிகளோ வெளியீட்டை முன்கூட்டியே தடுக்க முடியாது, அவதூறு என்றால் வெளிவந்த பிறகு வழக்குப் போடலாம், நீதிமன்றப் பதிவில் உள்ளதை யாரும் எழுதலாம்.

அதே தீர்ப்பில் இன்னொன்றும் இருக்கிறது. பாலியல் வன்முறைக்கோ கடத்தலுக்கோ ஆளான பெண்ணின் பெயரைப் பத்திரிகையில் போட்டு மேலும் அவமானப்படுத்தக் கூடாது என்றார்கள். நீதிபதிகளுக்கு இருந்த அந்தக் கவனம், பரபரப்பு வியாபாரிகளுக்கு ஏன் இல்லை? இவர்கள் கேமரா அவன் மீசையைச் சுற்றுகிறது, ஆட்டோவைச் சுற்றுகிறது, அந்தப் பெண்களை வெறும் காட்சிப் பொருளாக்குகிறது.

காவல் நிலையம் உள்ள பகுதியில் இத்தனை காலம் அந்தத் தொழில் எப்படி நடந்தது? யார் வந்துபோனார்கள்? மாமூல் யாருக்குப் போனது? காணாமல் போனவர்களை ஏன் உடனே தேடவில்லை? இதைப் படமாக எடுக்கட்டும், முதல் ஆளாக உட்கார்ந்து நானும் பார்க்கிறேன்.