முறிவைப் பற்றிய நூல்கள்

பாலமும் கப்பலும் யந்திரமும் செய்வோர் கையாளும் பொருள்களின் குணங்களை நூல்வாயிலாக அறிய முடியுமா என்பதே இன்றைய பேச்சின் பொருள். இரும்பைப் பற்றிக் கொல்லனிடமும் மரத்தைப் பற்றித் தச்சனிடமும் கற்கலாமே, ஏட்டிலே என்ன இருக்கிறது என்று கேட்பார் உளர். கேள்வியில் நியாயம் இல்லாமலில்லை. நம் நாட்டின் சமனலவெவப் பகுதியிலே, மலைச்சரிவில் வரிசையாக உலைகளை அமைத்து, தென்மேற்குப் பருவக் காற்றையே துருத்தியாகக் கொண்டு, ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னரே இரும்பு உருக்கியிருக்கிறார்கள். கில்லியன் ஜூலெவ் என்னும் தொல்பொருளாராய்ச்சியாளர் அவ்வுலைகளைப் பற்றி 1996 ஆம் ஆண்டில் எழுதியபோது உலகம் வியந்தது. அவ்வுலைக்காரர் நூல் பார்த்து உருக்கியவர்கள் என்று எண்ண இடமில்லை. அவர்தம் அறிவு கையிலும் கண்ணிலும் இருந்தது.

ஆயினும், கையறிவுக்கு ஓர் எல்லையுண்டு. பழகிய பொருளை, பழகிய அளவிலே ஆளும்வரைக்கும் அது தவறாது. அளவு மாறினால், அல்லது பொருள் மாறினால், அது திகைத்து நின்றுவிடும். இந்த உண்மையிலிருந்துதான் பொருள்களின் வலிமையைப் பற்றிய முதற்பெரும் நூல் பிறந்தது.

கலிலியோவைத் தொலைநோக்கியோடும் வானத்தோடும் சேர்த்தே நாம் நினைக்கிறோம். ஆனால் அவர், புளோரன்சு நகருக்கு அண்மையிலே வீட்டுக்காவலில் இருந்த முதுமையில் எழுதி முடித்து, 1638 ஆம் ஆண்டு ஒல்லாந்து நாட்டு லெய்டன் நகரில் அச்சேறிய 'இரு புதிய விஞ்ஞானங்கள்' என்ற நூலில், ஒரு விஞ்ஞானம் இயக்கத்தைப் பற்றியது. மற்றது திண்பொருள்கள் முறிவதற்குக் காட்டும் எதிர்ப்பைப் பற்றியது. மூவர் நான்கு நாட்கள் உரையாடுவதாக அமைந்த அந்நூல், வெனிசு நகரத்துக் கப்பற்பட்டறையைப் பற்றிய பேச்சோடு தொடங்குகிறது. அங்கே வேலை செய்யும் கம்மியர், பெரிய கப்பலைக் கரையிலிருந்து இறக்கும்போது சிறிய கப்பலுக்கு இடுவதைக் காட்டிலும் எத்துணையோ மிகுதியாக முட்டுக்கொடுக்கிறார்களே, அஃதேன்? விடை எளியது. எல்லாப் பக்கமும் இருமடங்காக்கினால் நிறை எட்டு மடங்காகின்றது. அந்நிறையைத் தாங்கும் குறுக்குவெட்டுப் பரப்போ நான்கு மடங்குதான் ஆகின்றது. வள்ளத்தின் வரைபடத்தை அப்படியே பெருக்கிக் கப்பல் கட்டினால், அது தன் பாரத்தாலேயே முறியக்கூடும்.

அதே நூலில் ஒரு சலவைக்கல் தூணின் கதை வருகிறது. நீண்டதொரு தூணை இரு முனைகளிலும் மரத்துண்டுகள் வைத்துக் கிடத்தியிருந்தார்கள். நடுவிலே முறிந்துவிடுமோ என்றஞ்சிய ஒருவர், நடுவிலும் ஒரு தாங்கியை வைக்கச் செய்தார். சில மாதங்களின் பின் தூண் முறிந்தது. முறிந்த இடம், புதிதாக வைத்த அந்த நடுத்தாங்கிக்கு நேர்மேலே! ஒரு முனையிலிருந்த மரம் உக்கித் தாழ்ந்துவிட, நடுத்தாங்கி தாழாது நின்றதனால், தூணின் ஒரு பாதி அந்தரத்தில் தொங்கலாயிற்று. உதவி என்று கொடுத்ததே கேடாய் முடிந்தது. கட்டட வேலையில் ஈடுபட்டோர் இப்பக்கங்களைப் படித்தால், நாலாம் நூற்றாண்டை எட்டிக்கொண்டிருக்கும் நூல் என்று கருதமாட்டார்கள்.

இங்கே ஒன்று சொல்லவேண்டும். சுவரிலே ஒரு முனை பதித்த உத்திரத்தின் வலிமையைக் கலிலியோ கணித்த முறை பிழையானது. உத்திரத்தின் உயரம் இருமடங்கானால் வலிமை நான்கு மடங்காகும் என்பதை அவர் சரியாகவே கண்டார். ஆனால் அவருடைய கணக்குத் தரும் பாரம், மீள்தன்மைக் கொள்கை தரும் பாரத்தைப்போல் மூன்று மடங்காகும். வளையும் உத்திரத்தின் ஒரு பக்கம் இழுபட, மறுபக்கம் நெருக்குண்ணும் என்பதை அவர் கணக்கிற் கொள்ளவில்லை. இது முற்றாகத் தெளிந்து பொறியியலாளர் கைக்கு எட்டியது 1826 இல் நாவியே என்னும் பிரெஞ்சுக்காரர் தம் விரிவுரைகளை நூலாக்கியபோதுதான். நூலில் இருப்பதனாலேயே ஒன்று உண்மையாகிவிடாது. ஆனால் நூலில் இருந்தமையால்தான் அப்பிழையைப் பின்வந்தோர் பார்த்துத் திருத்த முடிந்தது. பட்டறையிற் செய்த பிழை பட்டறையோடு புதைந்துவிடும்.

பனைமரம் அறிந்த நம்மவர்க்கு நாவியேயின் கருத்து எளிதில் விளங்கும். பனையின் வைரம் வெளிப்புறத்தே இருக்கின்றது. உள்ளே இருப்பது மென்மையான சோற்றி. வளையும்போது மிகுந்த இழுப்பும் மிகுந்த நெருக்கமும் வெளிப்புறத்திலேயே ஏற்படுகின்றன. நடுவில் அவை இல்லையென்னலாம். வலிமை வேண்டிய இடத்தில் மரம் வலிமையை வைத்திருக்கின்றது. குழாய்போன்ற எலும்பும் நாணற்றண்டும் பாரங்குறைந்தும் வலிமையுடையனவாக இருத்தலைக் கலிலியோவும் தம் நூலிலே காட்டியுள்ளார்.

இனி, இவ்விடயத்தைப் படிக்கப் புகுவோர் முதலிலே தடுக்கி விழும் இடத்திற்கு வருவோம். விறைப்பு வேறு, வலிமை வேறு. பொரித்த அப்பளம் விறைப்பானது, வலிமையற்றது. தும்புக் கயிறு துவளுவது, ஆனால் வலியது. ரொபேட் ஹூக் 1678 இல் வெளியிட்ட விதி விறைப்பைப் பற்றியது. இழுக்கும் விசை எவ்வளவோ, நீட்சியும் அவ்வளவு என்பது அதன் சாரம். நாம் நிற்கும் பலகைத்தளம் கண்ணுக்குத் தெரியாத அளவிற்கேனும் தாழ்ந்துதான் நம்மைத் தாங்குகின்றது. தாழாத தளத்துக்குத் தாங்கத் தெரியாது. அளவு குறித்த எண்ணைத் தோமஸ் யங் 1807 இல் தம் விரிவுரைகளில் அறிமுகப்படுத்தினார். ஆனால் அவர் எழுதிய விளக்கம் மிகவும் இருண்டது. இன்று யங்கின் மட்டு எனப் பாடநூலில் நாம் காண்பது பிறர் துலக்கிக் கொடுத்த வடிவம். ஆகவே மூலநூலையே படிப்பேன் என்று அடம்பிடிப்போர் கலிலியோவைப் படிக்கலாம், யங்கை விட்டுவிடலாம்.

அட்டவணைகளைத் திறந்தால், உருக்கின் யங்கின் மட்டு ஏறத்தாழ 200 கிகாபஸ்கால் என்றிருக்கும். மலிவான உருக்கானாலும் விலையுயர்ந்த கடினமான உருக்கானாலும் இவ்வெண் பெரிதும் மாறுவதில்லை. இதன் பொருள் என்ன? ஓர் உத்திரம் அளவுக்கு மிஞ்சித் தொய்கின்றது என்பதற்காக, அதே அளவில் உயர்ந்த உருக்கை வாங்கிப் போட்டால் தொய்வு குறையாது; பணந்தான் குறையும். அதே அட்டவணையில் அலுமினியமும் கண்ணாடியும் ஏறக்குறைய 70 என ஒரே எண்ணின் கீழ் நிற்பதைக் காணலாம். அப்படியானால் கண்ணாடியிலே ஆகாய விமானம் செய்யலாமோ? செய்யலாகாது என்று எவரும் சொல்வர். ஏன் என்பதை அந்த அட்டவணை சொல்லாது. அட்டவணையை மட்டும் மனனஞ் செய்த மாணாக்கன் இங்கே மௌனமாகிவிடுவான்.

அந்த ஏன் என்பதற்கு விடை கண்டவர் கிரிபித் என்னும் ஆங்கிலேயர். பான்பறோ விமான ஆராய்ச்சி நிலையத்திலே பணியாற்றிய அவர், கண்ணாடியை உருக்கி இழைகளாக இழுத்து முறித்துப் பார்த்தார். அவர் எடுத்த கண்ணாடி சாதாரண நிலையில் ஏறத்தாழ 170 மெகாபஸ்கால் தகைப்பில் முறிந்தது. இழை மெல்லியதாக ஆக வலிமை ஏறிக்கொண்டே போயிற்று. ஒரு மில்லிமீற்றரின் ஆயிரத்தில் மூன்று பங்களவான இழை ஏறத்தாழ 3,400 மெகாபஸ்கால் வரை தாங்கிற்று. பொருள் ஒன்றே, வலிமையோ இருபது மடங்கு! கண்ணாடியின் உண்மை வலிமை பெரிது. கண்ணுக்குப் புலப்படாத நுண்வெடிப்புகளே அதனைக் கொள்ளையிடுகின்றன என்று 1921 இல் வெளியான கட்டுரையில் அவர் நிறுவினார்.

புடவைக்கடைக்காரர் துணியின் ஓரத்திலே கத்தரிக்கோலால் ஒரு சிறு வெட்டு வெட்டிவிட்டுக் கையாலே சரேலென்று கிழிப்பதைப் பார்த்திருக்கிறீர்கள். வெட்டின் நுனியிலே இழுவிசை குவிகின்றது. வட்டமான துளையின் ஓரத்தில் தகைப்பு மூன்று மடங்காகும் என்பதும், நுனி கூராகக் கூர்ந்து போகப் பல மடங்காகும் என்பதும் 1913 இலேயே இங்கிலிசு என்னும் பேராசிரியர் கணித்தவை. கிரிபித் அதற்கப்பால் ஒரு படி சென்றார். வெடிப்பு நீளும்போது பொருளிற் சேமித்திருந்த சக்தி வெளிப்படுகின்றது. புதிய மேற்பரப்பை உண்டாக்கச் சக்தி செலவாகின்றது. வரவு நீளத்தின் வர்க்கமாக வளர்கின்றது. செலவு நீளத்தின் அளவாக மட்டும் வளர்கின்றது. வெடிப்புக் குறுகியதாயிருக்கும்வரை செலவே மிஞ்சும், வெடிப்பு அசையாது. ஓர் எல்லையைத் தாண்டிவிட்டால் வரவு மிஞ்சும். பிறகு அதனைத் தடுப்பாரில்லை.

இதனை உலகம் போதிய கவனத்துடன் படிக்கவில்லை. 1943 ஆம் ஆண்டு சனவரி மாதம் 16 ஆந் திகதி, அமெரிக்காவின் ஒரேகன் மாநிலத்துப் போட்லந்து நகரிலே, கடலோட்டப் பரீட்சை முடித்துத் துறையிலே கட்டி நின்ற 'செனக்டடி' என்னும் எண்ணெய்க் கப்பல், புயலோ அலையோ இல்லாத அமைதியான நீரில், பேரொலியுடன் இரண்டாய் முறிந்தது. அப்போர்க்காலத்திலே 2,700 இற்கும் மேற்பட்ட லிபேட்டிக் கப்பல்களை அமெரிக்கர் அவசர அவசரமாகக் கட்டினர். அவற்றுள் வெடிப்புக் கண்டவை நூற்றுக்கணக்கானவை. ஆணி அறைந்த பழைய கப்பலில் ஒரு தகட்டின் வெடிப்பு அத்தகட்டோடு நிற்கும். ஒட்டிணைத்த கப்பலோ ஒரே தகடு போன்றது. வெடிப்பு எங்கும் ஓடலாம். சரக்கறை வாயில்களின் சதுர மூலைகள் வெட்டுவாய் போலிருந்தன. கேம்பிறிட்சில் ஆராய்ந்த கொன்சுதன்சு திப்பர் என்னும் அம்மையார், அக்கப்பல்களின் உருக்குக் குளிரிலே நொறுங்குந்தன்மை அடைகின்றது என்பதைக் காட்டினார். அவர் அதனை 1962 இல் நூலாகவே எழுதி வெளியிட்டார். 1954 இல் கொமெற் விமானங்கள் இரண்டு மத்தியதரைக் கடலின் மேல் சிதறி, 56 உயிர்கள் மாண்டமைக்கும் இத்தகைய வெடிப்பே காரணம். அங்கே வெடிப்பை வளர்த்தது குளிரன்று, அமுக்கம் ஏறி இறங்கி ஏறி இறங்கி உலோகம் களைத்தமை.

இவ்வளவையும் பொதுமக்கள் வாசிக்கத்தக்கதாக எழுதித் தந்தவர் கோர்டன் என்னும் பேராசிரியர். கப்பற் கட்டுமானம் படித்து, பான்பறோவில் வேலை பார்த்து, பின்னர் றெடிங் பல்கலைக்கழகத்தில் கற்பித்தவர். திண்பொருள்களின் வலிமை பற்றி 1968 இலும், கட்டமைப்புகள் பற்றி 1978 இலும் அவர் எழுதிய இரு நூல்களும் பென்குவின் பதிப்பாக வந்தவை, இன்றும் கிடைக்கின்றன. கணிதம் குறைவு, கதை மிகுதி, குறும்பும் உண்டு. முதல் நூலிலே சேர்க்கைப் பொருள்களைப் பற்றி அவர் சொல்லும் சில எதிர்பார்ப்புகள் பழையனவாகிவிட்டன, அடிப்படை பழையதாகவில்லை. என் அபிப்பிராயத்தில் இரண்டாம் நூலை முதலிற் படிப்பது நன்று. சதுர அங்குலத்துக்கு இத்தனை இறாத்தல் என்ற கணக்கு வந்தால், 145 ஆல் வகுத்தால் மெகாபஸ்கால் வரும்.

தமிழிற் படிப்போர்க்கு ஒரு சிறு சிக்கல் உண்டு. நம் நாட்டுப் பாடநூலில் தகைப்பு, விகாரம் என்றிருப்பவை தமிழ்நாட்டு நூல்களில் தகைவு, திரிபு என்றிருக்கும். பொருள் ஒன்றே. பெயர்களை ஒரு தாளில் எழுதி நூலுக்குள் வைத்துக்கொண்டாற் போதும்.

கடைசியாக, வாசிக்கும்போது செய்து பார்க்கத்தக்க ஒன்று. ஒரே அகலமான மூன்று கடதாசிக் கீலங்களை எடுங்கள். ஒன்றை அப்படியே விடுங்கள். ஏனைய இரண்டின் ஓரத்திலும் கத்தரிக்கோலால் ஒரே அளவான சிறு வெட்டு இடுங்கள். அவற்றுள் ஒன்றில் மட்டும் வெட்டின் நுனியிலே கடதாசித் துளைகருவியால் ஒரு வட்டத்துளை போடுங்கள். ஒவ்வொன்றையும் இரு முனையிலும் பிடித்து இழுத்து, எது எப்படி அறுகின்றது என்று கவனியுங்கள். வெடித்த தகட்டிலே வெடிப்பின் நுனியைத் தேடித் துளைபோடும் கம்மியன் என்ன செய்கிறான் என்பது அப்போது தெரியும்.