சோப்புக்கு ஒரு நீதி, கம்பெனிக்கு ஒரு நீதியா?

ஐரோப்பிய யூனியனிலுள்ள 27 நாடுகளும் ஒரே சந்தை. சரக்குக்குள்ளே சுங்கம் கிடையாது. லாபத்துக்கு வரி போடும் கணக்கு மாத்திரம் நாட்டுக்கொன்று! ஆகவே பெரிய கம்பெனிக்காரன் எங்கும் விற்கிறான். வரி குறைந்த இடத்திலேயே லாபம் வந்ததாக எழுதிக் கொள்ளுகிறான்.

ஆப்பிளின் கிளைக் கம்பெனியொன்று தன் ஐரோப்பிய லாபத்துக்கு 2014-இல் அயர்லாந்தில் கட்டிய வரி, ஐரோப்பியக் கமிஷன் கணக்குப்படி, 0.005 சதவிகிதம். அதாவது 10 லட்சம் யூரோவுக்கு 50 யூரோ! பாக்கி 1,300 கோடி யூரோ வரையில் வசூலிக்கும்படி 2016-இல் கமிஷன் உத்தரவிட்டபோது, அதை எதிர்த்து வழக்காடியது யார்? வாங்கிக் கொள்ள வேண்டிய அயர்லாந்து சர்க்காரேதான்! கடன்காரனுக்காகக் கடன் கொடுத்தவனே வாதாடுவதை நாம் எந்த ஊர்ப் பஞ்சாயத்திலும் பார்த்ததில்லை. 2024-இல்தான் ஐரோப்பிய நீதிமன்றம் கமிஷன் பக்கம் முடிவாகத் தீர்ப்பளித்தது.

எல்லோருக்கும் ஒரே கணக்கு என்று 2011-இலும் 2016-இலும் கமிஷன் திட்டம் கொண்டு வந்தது. வரி விஷயத்தில் ஒரு நாடு மறுத்தாலும் சட்டமாகாது, இரண்டும் நிறைவேறவில்லை.

ஆனால் ஏழை வாங்கும் சோப்பின் மீதுள்ள மதிப்புக்கூட்டு வரியோ? பொது விகிதம் 15-க்குக் குறையக் கூடாதென்று 1993 முதலே விதி. அதற்கு மாத்திரம் அன்றிருந்த 12 நாடுகளும் எப்படிச் சம்மதித்தன என்று நாம் கேட்கிறோம். கம்பெனி லாபத்துக்கு அதே 15 வந்தது 2024-இல். அதுவும் வருஷ வரவு 75 கோடி யூரோவும் அதற்கு மேலும் உள்ளவர்களுக்கு மட்டும்.