வேட்டை உரிமம் இல்லாத ஊர்

சிங்கப்பூரில் பொழுதுபோக்குக்காக வேட்டையாட எவருக்கும் உரிமம் வழங்கப்படுவதில்லை. வேட்டைக்கென்று ஒதுக்கப்பட்ட மாதமும் இல்லை, காடும் இல்லை. புதரோரம் மேயும் ஒரு காட்டுக்கோழியைப் பிடிக்கவோ, அதற்குக் கண்ணி வைக்கவோ, அதைக் கொல்லவோ வேண்டுமென்றால் தேசியப் பூங்காக் கழகத்தில் வனவிலங்கு நிர்வாகத்துக்குப் பொறுப்பான தலைமை இயக்குநரின் எழுத்துபூர்வமான ஒப்புதல் முன்கூட்டியே கையில் இருக்க வேண்டும். தேக்காவின் சந்துகளுக்கும் புக்கிட் தீமா காட்டுக்கும் புலாவ் உபின் தீவுக்கும் விதி ஒன்றுதான்.

உலகம் எங்கும் நிலைமை இப்படியில்லை. அமெரிக்காவில் காட்டு வான்கோழியை வேட்டையாடுவது சட்டப்படி நடக்கிறது. ஒவ்வொரு மாநிலமும் தனித்தனியே உரிமம் தருகிறது. புதிதாக வருபவர் பெரும்பாலான மாநிலங்களில் பாதுகாப்புப் பயிற்சியை முடித்திருக்க வேண்டும். பொதுவான வேட்டை உரிமத்தோடு வான்கோழிக்கென்று தனி அனுமதிச் சீட்டும் பல இடங்களில் வாங்க வேண்டும். எந்த வாரத்தில் சுடலாம், எத்தனை பறவை சுடலாம், சுட்டதை எப்படிப் பதிவு செய்வது என்பவையெல்லாம் விதிகளில் இருக்கின்றன. இளவேனில் பருவத்தில் பொதுவாகச் சேவல்களை மட்டுமே சுடலாம்.

இத்தனை கட்டுப்பாட்டுக்கும் காரணம் உண்டு. வரம்பில்லாத வேட்டையாலும் காடழிப்பாலும் 1930-களில் அந்தப் பறவை பல மாநிலங்களில் அற்றுப்போயிருந்தது. 1937-இல் அமெரிக்கக் கூட்டரசு, துப்பாக்கி மீதும் தோட்டா மீதும் வசூலாகும் வரியை வனவிலங்கு மீட்புக்கு ஒதுக்கும் சட்டத்தை இயற்றியது. உரிமக் கட்டணமும் அந்த வரியும் சேர்ந்து காட்டு வான்கோழியை மீண்டும் லட்சக்கணக்கில் பெருக்க உதவின. அங்கே உரிமம் என்பது வேட்டையை அளவோடு வைத்திருக்கும் கருவி.

சிங்கப்பூர் அந்த வழியில் போக இடமே இல்லை. தீவின் பரப்பு ஏறத்தாழ 735 சதுர கிலோமீட்டர். அதற்குள் சுமார் 60 லட்சம் பேர் வாழ்கிறார்கள். சுடப்பட்ட தோட்டா விழுவதற்கு ஆளில்லாத வெளி இங்கே அரிது. எஞ்சியிருக்கும் காடும் சிறியது. அதில் வாழும் உயிர்களின் எண்ணிக்கை, வேட்டைக்காரருக்குப் பங்கு கொடுக்கும் அளவுக்குப் பெரியதன்று.

ஆனாலும் இந்தத் தீவு வேட்டையை அறியாத ஊரன்று. 1835-இல் பொதுப்பணிக்குப் பொறுப்பாக இருந்த கட்டடக் கலைஞர் ஜார்ஜ் கோல்மன், காட்டுக்குள் சாலைக்கு நிலம் அளந்துகொண்டிருந்தபோது புலி ஒன்று பாய்ந்தது. அது விழுந்தது அளவைக் கருவியின் மேல். உடன் வேலை செய்த இந்தியக் கைதிகளும் கோல்மனும் உயிர் தப்பினார்கள். மிளகு, காசுக்கட்டித் தோட்டங்கள் காட்டைத் தின்றுகொண்டு உள்ளே போகப்போக, புலிக்கு இரையான தொழிலாளர்களின் தொகை ஏறியது. காலனி அரசு புலித் தலைக்குப் பரிசு அறிவித்தது. பரிசுத் தொகை படிப்படியாக ஏறி நூறு வெள்ளியைத் தொட்டது. இந்தியாவிலிருந்து நாடு கடத்தப்பட்டு வந்த கைதிகளிலேயே சிலரைத் தேர்ந்து, கையில் துப்பாக்கி கொடுத்துப் புலி வேட்டைக்கு அனுப்பிய காலமும் இருந்தது. தீவின் கடைசிக் காட்டுப் புலி 1930-இல் சுவா சூ காங் பகுதியில் சுடப்பட்டது. அதன் பிறகு சிங்கப்பூர்க் காட்டில் புலி இல்லை. பரிசு கொடுத்து ஊக்குவித்த வேட்டை எங்கே போய் முடியும் என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

காப்பதற்கான சட்டமும் அதே காலனி ஆட்சியில்தான் தொடங்கியது. சிங்கப்பூரை உள்ளடக்கிய நீரிணைக் குடியேற்றங்களில் 1884-இல் காட்டுப் பறவைகளுக்கான பாதுகாப்புச் சட்டமும், 1904-இல் விலங்குகளையும் பறவைகளையும் சேர்த்த சட்டமும் வந்தன. 1965-இல் வந்த காட்டு விலங்குகள், பறவைகள் சட்டம் அடுத்த 55 ஆண்டுகள் நடைமுறையில் இருந்தது. உரிமம் இல்லாமல் காட்டு விலங்கையோ பறவையையோ கொல்வதையும் பிடிப்பதையும் வைத்திருப்பதையும் அது தடுத்தது. மீறினால் அபராதம் அதிகபட்சம் 1,000 வெள்ளி. காகம், மாடப்புறா, இரண்டு வகை மைனா உள்ளிட்ட 6 பறவைகளை மட்டும் அந்தச் சட்டம் விலக்கி வைத்திருந்தது. அவற்றைப் பிடிக்க உரிமம் தேவைப்படவில்லை.

காலம் மாறியபோது அந்த அபராதம் அச்சமூட்டும் தொகையாக இருக்கவில்லை. ஒரு காட்டுப் பறவையின் கள்ளச் சந்தை விலையே அதைத் தாண்டக்கூடும். நீ சூன் குழுத்தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்த லூயிஸ் இங், தனிநபர் மசோதாவாகத் திருத்தத்தைக் கொண்டுவந்தார். 2020 மார்ச்சில் நாடாளுமன்றம் அதை ஏற்றது. 2020 ஜூன் 1 முதல் அது வனவிலங்குச் சட்டம் என்ற புதுப் பெயரோடு நடப்புக்கு வந்தது.

இப்போதுள்ள தண்டனைகள் கடுமையானவை. ஒப்புதல் இல்லாமல் வனவிலங்கைக் கொன்றாலோ பிடித்தாலோ வைத்திருந்தாலோ 10,000 வெள்ளி வரை அபராதம், 6 மாதம் வரை சிறை, அல்லது இரண்டும் விதிக்கப்படலாம். பாதுகாக்கப்பட்ட இனமாக இருந்தால் அபராதம் 50,000 வெள்ளி வரையிலும் சிறை 2 ஆண்டு வரையிலும் உயரும். அழுங்கு என்றும் எறும்புத்தின்னி என்றும் அழைக்கப்படும் விலங்கு அத்தகைய இனம். வைக்கோல் நிறத் தலையுடைய சின்னான் பறவையும் அப்படித்தான். இனிய குரலுக்காகவே கூண்டுச் சந்தைக்கு வேட்டையாடப்பட்டு, தென்கிழக்காசியாவின் பல பகுதிகளில் அற்றுப்போன பறவை அது. இன்று புலாவ் உபின் அதன் முக்கியமான புகலிடங்களில் ஒன்று.

அப்படியானால் அந்த எழுத்துபூர்வ ஒப்புதல் யாருக்காக? மனிதரின் பாதுகாப்பு, பொதுச் சுகாதாரம், ஆராய்ச்சி, விலங்கு நிர்வாகம் போன்ற தேவைகளுக்காக அது இருக்கிறது. குடியிருப்புப் பகுதியில் ஆட்களைத் தாக்கிய காட்டுப்பன்றியைப் பிடிப்பது ஒரு தேவை. வௌவாலை வலையில் பிடித்து அளந்து விடுவிக்கும் உயிரியல் ஆய்வு இன்னொரு தேவை. ஒப்புதலோடு நிபந்தனைகளும் வரும். பூங்காக்களிலும் புக்கிட் தீமா, மத்திய நீர்ப்பிடிப்பு, சுங்கை பூலோ, லாப்ரடோர் ஆகிய 4 இயற்கைக் காப்பகங்களிலும் ஆய்வு செய்ய விரும்புவோர் தேசியப் பூங்காக் கழகத்தின் ஆய்வு அனுமதியையும் பெற வேண்டும். காப்பகங்களுக்குப் பூங்காக்கள், மரங்கள் சட்டமும் சேர்ந்து காவல் நிற்கிறது.

துப்பாக்கி தனிக் கதை. பறவையைப் பிடிக்க ஒப்புதல் கிடைத்தாலும் அது ஆயுதம் ஏந்த ஒப்புதலாகாது. காற்றழுத்தத் துப்பாக்கி உட்பட எந்தத் துப்பாக்கிக்கும் காவல்துறையின் உரிமம் தனியாக வேண்டும். குறிபார்த்துச் சுடும் விளையாட்டுக் கழகத்தின் உறுப்பினரும் ஆயுதத்தை வீட்டுக்கு எடுத்துப்போக முடியாது. அது அனுமதி பெற்ற ஆயுதக் கிடங்கில்தான் இருக்க வேண்டும். 1973-ஆம் ஆண்டின் ஆயுதக் குற்றச் சட்டப்படி, சட்டவிரோதமாகத் துப்பாக்கி வைத்திருந்தால் 5 முதல் 10 ஆண்டு வரை சிறையும் குறைந்தது 6 பிரம்படியும் உண்டு.

துப்பாக்கியால் பறவை சுடும் வழக்கம் அரசின் பெயராலேயே நெடுங்காலம் நீடித்தது. சிங்கப்பூரில் இன்று பறக்கும் வீட்டுக் காகம் இந்த மண்ணுக்கு உரியதன்று. மலாயாவின் கிள்ளான் பகுதியில் காப்பித் தோட்டங்களில் புழுக்களைத் தின்னட்டும் என்று 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில் இலங்கையிலிருந்து கொண்டுவரப்பட்ட காகங்களின் வழி அது வந்ததாகக் கருதப்படுகிறது. குப்பையும் சிந்திய சோறும் கிடைத்த நகரத்தில் அது பெருகியது. சுடும் கழகத்தின் உறுப்பினர்களை அமர்த்திக் காகங்களைச் சுடும் பணி பல ஆண்டுகள் நடந்தது. 2020-இல் அது நிறுத்தப்பட்டது. இப்போது பொறி வைத்தல், கூடுகளை அகற்றுதல், மரக்கிளைகளைக் கழித்தல், குப்பையை மூடி வைத்தல் ஆகியவையே வழிகள்.

காட்டுக்கோழியின் கதை வேறு. உலகெங்கும் வீட்டில் வளரும் கோழிக்கு மூதாதையான சிவப்புக் காட்டுக்கோழி சிங்கப்பூரில் இயற்கையாகவே வாழ்கிறது. புலாவ் உபினிலும் தீவின் மேற்குக் காடுகளிலும் அது நிலைத்திருக்கிறது. சாம்பல் நிறக் கால்களும், சேவலின் வால் அடியில் தெரியும் வெள்ளைத் திட்டும் அதன் அடையாளங்கள். வீட்டுக் கோழியோடு கலந்த கலப்பினக் கோழிகளும் குடியிருப்புப் பேட்டைகளில் திரிகின்றன. இரண்டையும் கண்ணால் பிரித்தறிவது எளிதன்று.

2017 ஜனவரியில், சின் மிங் அவென்யூ வட்டாரத்தில் சேவல் கூவும் சத்தம் பற்றிப் புகார்கள் வந்ததையடுத்து, அப்போதைய வேளாண் உணவு, கால்நடை மருத்துவ ஆணையம் 24 கோழிகளைப் பிடித்துக் கொன்றது. கோழிகள் இருக்கட்டும் என்ற குடியிருப்பாளர்கள் வருந்தினார்கள். விவாதம் நாடாளுமன்றம் வரை போனது. 2019 ஏப்ரலில் அந்த ஆணையம் கலைக்கப்பட்டபோது விலங்குகள் தொடர்பான பொறுப்பு தேசியப் பூங்காக் கழகத்துக்கு வந்தது. அனுமதி தரும் அதிகாரமும், அந்த அனுமதிக்குக் காரணம் சொல்லும் கடமையும் ஒன்றாகவே இருக்க வேண்டும் என்பதை அந்த 24 கோழிகள் உணர்த்தின.

தமிழர் நடமாட்டம் மிகுந்த தேக்கா வட்டாரத்துக்கு இந்தச் சட்டம் இன்னொரு வழியில் நெருக்கமானது. வனவிலங்குக்கு வேண்டுமென்றே உணவு போடுவதும், அதைத் திறந்துவிடுவதும் இப்போது ஒப்புதல் தேவைப்படும் செயல்கள். 2020-க்கு முன் காட்டு விலங்குகளுக்கு உணவளிப்பது இயற்கைக் காப்பகங்கள் போன்ற இடங்களில்தான் தடுக்கப்பட்டிருந்தது. இன்று தடை தீவு முழுவதற்கும் பொருந்தும். முதல் முறை மீறினால் 5,000 வெள்ளி வரை அபராதம் விதிக்கப்படலாம். மீண்டும் செய்தால் 10,000 வெள்ளி வரை உயரலாம்.

காக்கைக்கு ஒரு பிடி சோறு வைப்பதும் புறாவுக்குத் தானியம் தூவுவதும் தமிழர் வீடுகளில் புண்ணியமாக வளர்ந்த பழக்கங்கள். ஊர் முற்றத்தில் வைத்த பிடிச் சோறு அன்றே தீர்ந்துபோகும். சிராங்கூன் சாலையோரத்தில் பையோடு கொட்டும் அரிசி அப்படியன்று. புறாக் கூட்டம் தேவைக்கு மேல் பெருகும். எச்சம் உணவுக் கடைகளின் மேசைவரை வரும். எலியும் சேரும். எண்ணிக்கை மிஞ்சியதும் அதே பறவைகளைப் பிடித்துக் கொல்ல வேண்டிய நிலை வரும். அன்போடு தூவிய கைதான் அந்த முடிவுக்குத் தொடக்கமாகிறது. கொல்லும் கையையும் ஊட்டும் கையையும் ஒரே சட்டம் கட்டுப்படுத்துவதன் பொருள் இதுதான்.

தமிழ்நாட்டிலும் பாதை இதே திசையில்தான் சென்றது. 1972-ஆம் ஆண்டின் இந்திய வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் தொடக்கத்தில் பெருவிலங்கு, சிறுவிலங்கு எனப் பிரித்து வேட்டை உரிமம் வழங்க இடம் தந்தது. 1991-இல் வந்த திருத்தம் அந்த உரிமங்களை எடுத்துவிட்டது. மனித உயிருக்கு ஆபத்தான விலங்கைக் கொல்லவோ, ஆராய்ச்சிக்காகப் பிடிக்கவோ மட்டும் தலைமை வனஉயிரினக் காப்பாளர் போன்ற அதிகாரிகள் அனுமதி தர முடியும். விடுமுறைக்கு ஊருக்குப் போகிறவர் காட்டோரம் காடை, கௌதாரிக்குக் கண்ணி வைத்தால் அது குற்றம். தீபகற்ப மலேசியாவில் 2010-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் சில இனங்களுக்கு உரிமம் பெற்ற வேட்டை உண்டு. அதைத் தருவது அந்நாட்டின் வனவிலங்கு, தேசியப் பூங்காத் துறை. அந்த உரிமம் ஜொகூர் பாலத்தின் இந்தப் பக்கம் செல்லாது. இறைச்சியை எங்கிருந்து, எவ்வளவு கொண்டுவரலாம் என்பதைச் சிங்கப்பூர் உணவு அமைப்பு வரையறுக்கிறது. அழியும் நிலையிலுள்ள உயிரினங்களின் தோல், கொம்பு, பதப்படுத்திய உடல் ஆகியவற்றைக் கொண்டுவர அனைத்துலக உடன்படிக்கையின்படியான அனுமதி வேண்டும்.

வீட்டருகே காட்டுயிர் ஒன்று வந்துவிட்டால் செய்ய வேண்டியவை சில. விலகி நின்று அது போக வழிவிட வேண்டும். துரத்தவோ மூலையில் மடக்கவோ கூடாது. நாயைப் பிடித்துக்கொள்ள வேண்டும். வடிகாலில் மலைப்பாம்பு தெரிந்தாலோ, சன்னலில் மோதிப் பறவை காயம்பட்டு விழுந்தாலோ, தேசியப் பூங்காக் கழகத்தின் விலங்கு உதவி எண்ணான 1800-476-1600-ஐ அழைக்கலாம். காயம்பட்ட காட்டுயிர்களை மீட்கும் பணியில் 2001-இல் தொடங்கிய ஏக்கர்ஸ் அமைப்பும் இருக்கிறது. எங்காவது கண்ணியோ வலையோ கண்ணில் பட்டால், அதைத் தொடாமல் இடத்தைக் குறித்துத் தெரிவிப்பது நல்லது. புறாவும் காகமும் தொல்லையானால் முதலில் பார்க்க வேண்டியது குப்பைத் தொட்டியின் மூடியையும் மேசையில் விட்டுப்போன தட்டையும்தான்.

புலித் தலைக்குப் பரிசு கொடுத்த தீவில், இன்று ஒரு காட்டுக்கோழியைப் பிடிக்கவும் எழுத்தில் ஒப்புதல் வேண்டும். அந்த ஒப்புதல் வேட்டையாடும் ஆசைக்குக் கிடைப்பதில்லை. தேவையை எடுத்துச் சொல்லி, பொறுப்பை ஏற்பவருக்கே கிடைக்கிறது.