கோப்பை போகும் தீவு

சிங்கப்பூரின் தேக்கா சந்தையில் தே தாரிக்கைக் காகிதக் கோப்பையில் வாங்கிக்கொண்டு வேலைக்கு ஓடுகிறோம். ஆனால் அது வெறும் காகிதமல்ல. சூடான தேநீர் ஊறிக் கசியாமலிருக்க உள்ளே மெல்லிய பிளாஸ்டிக் பூச்சு இருக்கிறது. இரண்டையும் பிரிப்பது கடினம், மறுசுழற்சியும் அதனால்தான் கடினம். குப்பைத்தொட்டியில் போட்டால் எரியாலைக்குப் போகும். சாம்பல் துவாஸிலிருந்து கடல்வழியே செமாக்காவ் தீவைச் சேரும். 1999இல் அங்கே திறக்கப்பட்ட குப்பை நிரப்பிடம் 2035 வாக்கில் நிறைந்துவிடும் என்கிறார்கள். இந்தச் சின்னஞ்சிறு நாட்டில் இன்னொரு செமாக்காவுக்கு எங்கே போவது? அவசரத்தில் ஓடுகிறவர்களைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் உட்கார்ந்து குடிக்க நேரமிருக்கும்போது, "அண்ணே, கிளாஸ்லயே கொடுங்க" என்று கேளுங்கள். எடுத்துப் போவதென்றால் வீட்டுக் குவளையை நீட்டிப் பாருங்கள்.