மூணு தை போச்சு!



கொடுக்கல் வாங்கல், வரப்புத் தகராறுக்குச் சாமானியன் போக வேண்டிய இடம் காவல் நிலையமா, நீதிமன்றமா என்பது தலைப்பு. எதிரணி அண்ணன் ஸ்டேஷனுக்காக வாதாடிக் கைதட்டலை அள்ளிட்டுப் போனார். "சிவில் கோர்ட்டுலே தாத்தா கேஸ் போட்டா பேரன்தான் தீர்ப்பு வாங்குவான். ஏட்டய்யா ஒரு அதட்டு அதட்டினா ஒரு மணி நேரத்துலே முடிஞ்சிடும்"னார். தாமதம் இருக்கு, நான் இல்லேன்னு சொல்லலை. ஆனா ஏட்டய்யா இன்னிக்கு உங்களுக்காக அதட்டினார். நாளைக்கு எதிராளி ஒரு வட்டச் செயலாளரைக் கூட்டிக்கிட்டு வந்தா, அதே தொண்டை யாருக்காக அதட்டும்? (சிரிப்பு)

ஒரு கணக்குச் சொல்றேன். ஒரு அம்மா, சீட்டு எடுத்த பணம் 50 ஆயிரத்தைத் தெரிஞ்சவராச்சேன்னு கொடுத்துப் புரோநோட்டு வாங்கி வச்சாங்கன்னு வச்சுக்குவோம். பணம் திரும்பலை. ஸ்டேஷனுக்குப் போறாங்க. மனு ரசீது கிடைக்குது. கடன்காரரைக் கூப்பிட்டு விசாரிக்கிறாங்க. "ஐயா, தை பொறந்தா தந்துடறேன்"ங்கறார். தை பொறந்தது. வழிதான் பொறக்கலை! (கைதட்டல்) மறுபடி போனா இன்ஸ்பெக்டர் மாறிட்டார். புதுசா ஒரு மனு. இப்படியே மூணு தை போச்சு. அப்புறம் வக்கீல்கிட்டே போனா, நோட்டைத் திருப்பிப் பார்த்துட்டு, "காலாவதி ஆயிடுச்சேம்மா"ங்கறார்.

1963-ஆம் வருஷத்துக் காலவரையறைச் சட்டப்படி, அந்த மாதிரிக் கடனுக்கு 3 வருஷத்துக்குள்ளே வழக்குப் போடணும். அதுக்குள்ளே கடன்காரர் "பாக்கி இருக்கு"ன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டிருந்தா, கணக்கு புதுசா ஆரம்பிக்கும். ஸ்டேஷன்லே வாயாலே பண்ணின சத்தியத்துக்கு அந்த சக்தி கிடையாது. அண்ணன் சொன்ன ஒரு மணி நேரம், அந்த அம்மாவோட அசலையே தின்னுடுச்சு!

அப்போ போலீஸுக்கு வேலையே இல்லையா? ஏன் இல்லை? மண்டை உடைஞ்சாலும், போலிப் பத்திரம் போட்டாலும் ஸ்டேஷனுக்குத்தான் போகணும். வாரண்ட் இல்லாமலே கைது பண்ணக்கூடிய குற்றம்னு புகாரிலேயே தெரிஞ்சா, எஃப்.ஐ.ஆர். போட்டே ஆகணும்னு 2013-லே லலிதா குமாரி வழக்கிலே உச்ச நீதிமன்றம் சொல்லியாச்சு. ஆனா வாங்கின கடனைத் திருப்ப முடியாதது மட்டுமே குற்றம் ஆயிடாது. ஆரம்பத்துலேயே ஏமாத்தற எண்ணம் இருந்தாத்தான் மோசடி. சிவில் தகராறை கிரிமினல் கேஸாக்குற பழக்கம் வளருதுன்னு 2006-லேயே உச்ச நீதிமன்றம் வருத்தப்பட்டது. 2025 ஏப்ரல்லே இதுக்காகவே உத்தரப் பிரதேசப் போலீஸைக் கடுமையாக் கண்டிச்சது.

சரி, பக்கத்து நிலத்துக்காரர் ராத்திரியோட ராத்திரியா வேலியைத் தள்ளி நட வர்றாரா? இடைக்காலத் தடை கேளுங்க. அவசரம்னா, எதிராளி வர்றதுக்கு முன்னாலேயே நீதிபதி தடை கொடுக்கலாம். குடியிருந்த இடத்துலேயிருந்து அடாவடியா வெளியேத்திட்டாங்களா? 6 மாசத்துக்குள்ளே வழக்குப் போட்டா, சொத்து யாருதுங்கற பெரிய சண்டைக்குப் போகாமலேயே சுவாதீனத்தைத் திரும்பக் கேட்கலாம். தடையை மீறினா, போலீஸ் பாதுகாப்புக்குக் கோர்ட்டே உத்தரவு போடலாம். அதே ஏட்டய்யாதான் வருவார். ஆனா கையிலே உத்தரவோட வருவார்! (கைதட்டல்)

வக்கீலுக்குப் பணம் இல்லையா? சட்டப் பணிகள் ஆணைக்குழுவிலே பெண்களுக்கு வருமானக் கணக்குக்கூடக் கேட்காம இலவச வக்கீல் உண்டு. கோர்ட்டுலே இருக்கிற வழக்கை மக்கள் நீதிமன்றத்துலே ரெண்டு பேரும் சம்மதிச்சு முடிச்சா, கட்டின கோர்ட்டுக் கட்டணம் திரும்ப வரும். அந்தத் தீர்வுக்கு அப்பீல் கிடையாது. அப்புறமும் பணம் வரலேன்னா, கோர்ட் உத்தரவு வாங்கி அமீனாவை ஜப்திக்கு அனுப்பலாம். ஸ்டேஷன்லே எழுதின வெள்ளைப் பேப்பரைக் காட்டி அமீனாவைக் கூப்பிட்டுப் பாருங்களேன்! (சிரிப்பு)

நடுவர் மணி அடிச்சிட்டார். ஒண்ணே ஒண்ணு, தாய்மார்களே. இன்னிக்கு ராத்திரி பீரோவைத் திறந்து நோட்டுலே இருக்கிற தேதியைப் பாருங்க. ரெண்டே முக்கால் வருஷம் ஆகியிருந்தா, நாளைக் காலையிலே முதல் வேலையா வக்கீல் வீட்டுக்குப் போங்க.