பனித்திரையும் பரதவர் மகளும்

(இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு நிறைவு விழாவில் ஆற்றிய உரை)



மகாபாரதத்தின் ஆதிபருவத்தில் ஒரு மாயப் பனி எழுகிறது. யமுனையாற்றில் ஓடம் செலுத்துபவள் மச்சகந்தி. மீனின் வயிற்றில் பிறந்து, மீனவர் தலைவனால் வளர்க்கப்பட்டவள். அவள் மேனியில் மீன் நாற்றம் நீங்காமல் இருந்தது. அவளுடைய ஓடத்தில் ஏறிய பராசர முனிவர் அவளை விரும்புகிறார். இரு கரைகளிலும் முனிவர்கள் நிற்கிறார்களே, அவர்கள் காண்பார்களே என்று அவள் தயங்குகிறாள். உடனே முனிவர் தம் தவ வலிமையால் மூடுபனியைப் படைக்கிறார். திசைகள் மறைகின்றன. மீன் நாற்றம், ஒரு யோசனைத் தொலைவு கமழும் நறுமணமாக மாறுகிறது. மச்சகந்தி யோசனகந்தி ஆகிறாள். பின்னர் ஆற்றிடைத் தீவில் அவளுக்குப் பிறந்த மகனே வியாசர். பாரதம் பாடிய கவிஞரே மாயப் பனிக்குள் கருவானவர் என்பது கவிஞர்கள் கூடிய இவ்வவையில் நினைக்கத்தக்கது.

கதை யமுனைக்கு உரியதாயினும் தூத்துக்குடிக் கடற்கரைக்கு அயலானது அன்று. பரதவரின் தோற்றம் குறித்து 1837இல் ஆங்கிலத்தில் எழுதிய இலங்கைத் தமிழறிஞர் சைமன் காசிச்செட்டி, அப்பெண்ணை வளர்த்தவனைப் பரதவரின் அரசன் என்றே குறித்தார். தென்னிந்தியக் குலங்களைப் பற்றி எட்கர் தர்ஸ்டன் 1909இல் வெளியிட்ட தொகுதிகளிலும் அச்செய்தி இடம்பெற்றது. இதனை வரலாற்றுச் சான்றாகக் கொள்ளுதல் இயலாது. ஆயினும், முத்துக்குளித்துறையைப் பாடும் கவிஞன் முன் இக்கதை ஒரு வினாவை வைக்கிறது. அந்தப் பனி யாருக்காக எழுந்தது?

அவளுடைய மானத்தைக் காக்க எழுந்தது என்பர். உண்மையே. ஆனால் பனி எழாதிருப்பின் அவளுடைய தயக்கம் வென்றிருக்கும். பனி காத்தது அவளை மட்டுமன்று, முனிவரின் விருப்பத்தையும் காத்தது. நறுமணம் அவளே விரும்பிப் பெற்ற வரம். எனினும் உழைப்பின் நாற்றத்தை அகற்றிய பிறகே அரசன் சந்தனு அவளைத் தேடி வருகிறான்.

கொற்கையின் கதையும் இத்தகையதே. தாமிரபரணி கடலோடு கலக்கும் பகுதியில் பாண்டியர் துறைமுகமாக விளங்கி, இன்று கடலை விட்டு உள்ளடங்கிய சிற்றூராகக் கிடப்பது கொற்கை. மகளிரின் பற்களுக்குக் கொற்கை முத்தை உவமை கூறினர் சங்கப் புலவர். அழகிய உவமைதான். ஆனால் கி.பி. முதல் நூற்றாண்டைச் சேர்ந்த 'பெரிப்ளூஸ்' என்னும் கிரேக்கக் கடல் வழி நூல், கொற்கைப் பகுதியின் முத்துக்குளிப்பில் தண்டனை பெற்ற குற்றவாளிகள் ஈடுபடுத்தப்பட்டனர் என்கிறது. ஒரே முத்தில் புலவர் புன்னகையைக் கண்டார். அயல்நாட்டு மாலுமியோ தண்டனையைக் கண்டார்.

முத்துக்கும் மீன் நாற்றம் உண்டு. குளியாளர் கல்லின் பாரத்தோடு கடலடிக்கு இறங்கி, ஏறத்தாழ ஒரு நிமிடம் மூச்சடக்கி, பாரில் கிடக்கும் சிப்பிகளைப் பொறுக்குவர். படகில் கயிறு பிடித்திருப்பவர் அவரை மேலே இழுப்பார். கரை சேர்ந்த சிப்பிகளை நாட்கணக்கில் அழுக விட்டு, புழு மொய்த்த தசையைக் கழுவிக் களைந்த பின்னரே முத்தைத் தேடுவர். சலாபக் கரையின் முடைநாற்றம் பேர்போனது. அம்முத்து அரசியின் கழுத்தை அடையும்போது அந்நாற்றத்தின் நினைவும் எஞ்சுவதில்லை. பராசரர் செய்ததை அணிகலன் வணிகமும் செய்தது, பாட்டும் செய்தது.

அவ்வாறாயின் மாயமே கவிதைக்கு ஆகாதோ என வினவலாம். இக்கடற்கரையே அதற்கு மறுமொழி கூறுகிறது. இங்கே மற்றொரு மாயமும் இருந்தது. சுறாவின் வாயை மந்திரத்தால் கட்டுவோரைக் 'கடல் கட்டி' என்று அழைத்தனர். 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் இக்கடற்பகுதியைப் பற்றி எழுதிய மார்க்கோ போலோ, அன்று அத்தொழிலைச் செய்த அந்தணர்க்குக் குளிப்பில் கிடைத்ததில் இருபதில் ஒரு பங்கு தரப்பட்டது என்கிறார். பகலில் கட்டிய மந்திரத்தை இரவில் அவிழ்த்து விடுவார்கள் என்றும் குறிக்கிறார். பிற்காலத்தில் ஆங்கில அரசும் இத்தொழிலினர்க்கு ஊதியம் அளித்தது. அவர் இல்லாமல் குளியாளர் கடலில் இறங்க மறுத்ததே காரணம்.

மந்திரம் சுறாவைக் கட்டியதோ இல்லையோ, குளியாளரின் அச்சத்தைக் கட்டியது. பராசரரின் மாயம் காண்பவர் கண்ணை மறைத்தது. கடல் கட்டியின் மாயமோ, கண்ணைத் திறந்துகொண்டு ஆழத்துள் இறங்கும் துணிவைத் தந்தது. கற்பனை உலகம் படைக்கும் கவிஞன் இவ்விரண்டில் எதனைத் தன் பாட்டில் வைக்கிறான் என்பதே கேள்வி.

தமிழ் உரைநடை இவ்வினாவுக்கு முன்னரே விடை காணத் தொடங்கிவிட்டது. தூத்துக்குடி உப்பளத் தொழிலாளரின் வாழ்வை ராஜம் கிருஷ்ணன் 1979இல் 'கரிப்பு மணிகள்' ஆக்கினார். தொலைவிலிருந்து பார்ப்பவர்க்குப் பனிமலையெனத் தோன்றும் உப்புக் குவியலின் அருகே சென்று, கண் கூசும் வெயிலில் நிற்கும் மனிதரைக் காட்டினார். ஜோ டி குருஸின் 'கொற்கை' 2009இல் வெளிவந்து, 2013இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. கவிதை இன்னும் முத்தின் ஒளியிலேயே தங்கிவிடுதல் கூடாது.

தூத்துக்குடியின் பெரிய முத்துக்குளிப்பு 1961ஆம் ஆண்டோடு முடிந்தது. 1973இல் அங்குள்ள கடல் மீன் ஆராய்ச்சி நிலையத்தில் சிப்பிக்குள் கரு வைத்து முத்து வளர்க்கும் முறை வெற்றி கண்டது. சலாபம் போயிற்று, ஆனால் அதே கடலில் சங்கு குளிக்க இறங்குவோர் இன்றும் உள்ளனர். அவர்களைப் பாடுவதற்குக் கொற்கை முத்தின் பழைய உவமை போதாது.

வட்டத்தின் அடுத்த பத்தாண்டுகளில் இளங்கவிஞர் பல மாய உலகங்களைப் படைக்கட்டும். அவற்றில் பனியும் பொழியட்டும். ஒன்றை மட்டும் மறவாதிருத்தல் வேண்டும். யமுனையில் பனி விலகியது. முனிவர் தம் வழியே சென்றார். யோசனகந்தி மீண்டும் ஓடம் செலுத்தப் போனாள். பனிக்குள்ளும் அவளுடைய துடுப்பின் ஓசை கேட்கும்படி பாடுகின்ற கவிஞனையே இக்கடற்கரை எதிர்நோக்கி நிற்கிறது.